பூஜைக்காகச் சுத்தம் செய்த கம்ப்யூட்டர்

உங்களில் எத்தனை பேர் பிழைச் செய்தியைக் கடைசி வரி வரைக்கும் படிக்கிறீர்கள்? கையைத் தூக்க வேண்டாம், எனக்குத் தெரியும். திரையில் ஒரு சின்னப் பெட்டி வந்து, இன்ன கோப்பைக் காணவில்லை என்று சொல்லும். உங்கள் விரல் தானாகப் போய் 'ஓகே'யை அழுத்திவிடும். பிறகு வாடிக்கையாளரிடம் திரும்பி, "என்னமோ எரர் வருது சார்" என்பீர்கள். அந்த 'என்னமோ'வைத்தான் அது பெயர் சொல்லி, ஊர் சொல்லி, தெளிவாகச் சொல்லியிருக்கும். நீங்கள் கேட்கவில்லை, அவ்வளவுதான்.

திட்டுகிறேன் என்று நினைக்காதீர்கள். நானும் அப்படித்தான் இருந்தேன். காஞ்சிபுரத்தில் தெருத் தெருவாகப் போய்க் கம்ப்யூட்டர் பழுது பார்த்தவன் நான். முதுகு இனிமேல் குனிய முடியாது என்று சொன்ன பிறகுதான் ஓய்வு பெற்றேன். சர்வீஸ் வேலைக்குப் புதிதாக வந்திருக்கிற உங்களிடம் இரண்டு வார்த்தை பேசச் சொன்னார்கள். இரண்டு வார்த்தையில் நிறுத்தி எனக்குப் பழக்கம் இல்லை.

முதலில் இந்தக் காணாமல் போகிற கோப்பு என்ன என்று பார்ப்போம். டிஎல்எல் என்று எழுதியிருக்கும். பொதுக் கோப்பு என்று வைத்துக்கொள்ளுங்கள். பிள்ளையார்பாளையம் பக்கம் காலையில் போனால் தெருவின் நீளத்துக்குப் பாவு, அதாவது தறிக்கு ஏற்றுகிற நீள நூல், விரித்திருப்பதைப் பார்க்கலாம். அத்தனை நீளத்துக்கு எந்த வீட்டிலும் இடம் கிடையாது. அதனால் எல்லா வீட்டுக்காரர்களும் அதே தெருவையும் அதே கம்பங்களையும் முறை வைத்துப் பயன்படுத்துகிறார்கள். கம்ப்யூட்டரிலும் அப்படித்தான். எழுத்தைத் திரையில் காட்டுவது, படத்தைத் திறப்பது மாதிரியான வேலைகளை ஒவ்வொரு புரோகிராமும் தனித்தனியாக எழுதி வைத்துக்கொள்வதில்லை. பொதுவாக ஒரு கோப்பு இருக்கும், பல புரோகிராம்கள் அதை வந்து கூப்பிட்டுக்கொள்ளும். யாராவது கம்பத்தைப் பிடுங்கிவிட்டால் ஒரு வீட்டு வேலை மட்டும் நிற்காது.

இதைப் புரிந்துகொள்ளாமல் நான் பல வருடம் ஓட்டினேன். என்னிடம் ஒரு பென் டிரைவ் இருந்தது. போன இடத்திலெல்லாம் கண்ணில் பட்ட பொதுக் கோப்புகளை அதில் நகலெடுத்து வைத்திருந்தேன். எங்கே எது காணாமல் போனாலும் அதே பெயரில் ஒன்றை எடுத்துப் போட்டுவிட்டு, சட்டைக் காலரைத் தூக்கி விட்டுக்கொண்டு வெளியே வருவேன். நீங்கள் இப்போது ஏதோ ஒரு சைட்டிலிருந்து இறக்கிப் போடுகிறீர்களே, அதே வேலைதான். உங்களுக்கு வைரஸும் சேர்ந்து வருகிறது, எனக்கு வரவில்லை.

ஒருமுறை பேருந்து நிலையத்துக்குப் பக்கத்தில் ஒரு பிரவுசிங் சென்டரில் ஜாதகம் கணிக்கும் புரோகிராம் நின்றுபோனது. பென் டிரைவிலிருந்து ஒரு கோப்பை எடுத்துப் பழசின் மேலேயே போட்டேன். ஜாதகம் ஜோராக வந்தது. நான் வீட்டுக்குப் போய் மோர் குடிப்பதற்குள் போன் வந்தது. பிரிண்டர் வேலை செய்யவில்லை. நான் போட்ட கோப்புக்குப் பெயர் ஒன்றுதான், பதிப்பு வேறு. ஜாதகத்துக்குப் பிடித்தது பிரிண்டருக்குப் பிடிக்கவில்லை. பெண்ணுக்கு வரன் பார்க்க வந்திருந்த ஒருவர், திரையில் தெரிந்த கட்டங்களைக் காகிதத்தில் கையால் வரைந்துகொண்டிருந்தார். நான் உள்ளே நுழைந்ததும் தலையைத் தூக்கி, "நீங்கதானா அது?" என்று மட்டும் கேட்டார்.

அதைச் சிரித்துக்கொண்டு சொல்லிவிட்டேன். அடுத்துச் சொல்லப்போவதை என்னால் அப்படிச் சொல்ல முடிவதில்லை. அதில் ஒரு பெண்ணின் வேலை போக இருந்தது.

ஏகாம்பரம் என்று ஒரு பட்டுப் புடவை உற்பத்தியாளர். பிள்ளையார்பாளையத்தில் கீழே தறிகள், மாடியில் டிசைன் அறை. அந்த அறையில் ஒரே ஒரு கம்ப்யூட்டர். புடவையின் கரையும் முந்தானையும் அதில்தான் புள்ளி புள்ளியாக வரையப்படும். வரைந்து முடித்ததும் அதிலிருந்து தறிக்கு ஒரு கோப்பு போகும். எந்த இழையை எப்போது தூக்க வேண்டும் என்று தறிக்கு மேலே இருக்கிற ஜக்கார்டு பெட்டிக்குச் சொல்வது அந்தக் கோப்புதான். வரைகிறவள் ஷபானா. இருபத்து மூன்று, இருபத்து நான்கு வயது இருக்கும். ஐயம்பேட்டையிலிருந்து ஷேர் ஆட்டோவில் வந்து போவாள். எதையும் இரண்டு தடவை படித்துவிட்டுத்தான் கிளிக் செய்வாள். அவளைப் பார்த்து, "என்னம்மா, மவுஸ் மேல முட்டையா வச்சிருக்கே?" என்று நான் கிண்டல் செய்ததுண்டு.

ஆயுத பூஜைக்கு முன்தினம் ஏகாம்பரம் வீட்டில் எல்லாவற்றையும் துடைத்தார்கள். தறி, தராசு, சைக்கிள், மோட்டார் என்று எதுவும் பாக்கியில்லை. மாடிக்கு வந்த ஏகாம்பரம், ஷபானா மானிட்டரைத் துடைத்துக்கொண்டிருந்ததைப் பார்த்தார். "வெளிய மட்டும் துடைச்சா ஆச்சாம்மா? உள்ளயும் சுத்தம் பண்ணிடு. வேணாதது எல்லாம் அடைச்சிக்கினு இருக்குது" என்றார். மனிதர் சும்மா சொல்லவில்லை, நிஜமாகவே அப்படி நம்பினார். பூஜையில் வைக்கிற கருவி உள்ளேயும் சுத்தமாக இருக்க வேண்டாமா என்பது அவர் நியாயம். ஷபானாவும் முதலாளி சொன்னபடி உட்கார்ந்து சுத்தம் செய்தாள். பிறகு கம்ப்யூட்டரை அணைத்தார்கள், சந்தனம் குங்குமம் வைத்தார்கள், கதம்ப மாலை போட்டார்கள். மறுநாள் பூஜை. யாரும் எதையும் தொடவில்லை.

அதற்கு மறுநாள் விஜயதசமி. அன்று காலை ஒவ்வொருவரும் தன் தொழிலில் கொஞ்சமாவது கை வைத்தாக வேண்டும். தையல்காரர் நாலு தையல் போடுவார், நெசவாளர் நாலு இழை ஓட்டுவார். கீழே குமரேசன் என்கிற நெசவாளர் ஒரு கல்யாணப் புடவையின் உடலை முடித்துவிட்டு முந்தானைக்குக் காத்திருந்தார். நல்ல நாளில் முந்தானை தொடங்க வேண்டும் என்று பெண் வீட்டார் கேட்டுக்கொண்டிருந்தார்களாம். முந்தானை டிசைன் மாடியில் தயாராக இருந்தது, தறிக்கு மாற்ற வேண்டியது மட்டும்தான் பாக்கி. ஷபானா வந்தாள், கம்ப்யூட்டரைப் போட்டாள், டிசைன் புரோகிராமைத் திறந்தாள். கோப்பைக் காணவில்லை என்று பெட்டி வந்தது.

எனக்குப் போன் வந்தபோது மணி பத்து. நான் போய்ச் சேர்ந்தபோது ஷபானா அங்கே இல்லை.

"வீட்டுக்கு அனுப்பிட்டேன்பா" என்றார் ஏகாம்பரம். "ஒரு மாசமா வரைஞ்ச டிசைன அந்தப் பொண்ணே அழிச்சிட்டுது. சுத்தம் பண்றேன்னு எல்லாத்தையும் தொடைச்சி எடுத்துட்டுது. இனிமே வர வேணாம்னு சொல்லிட்டேன். அவங்க அப்பாவுக்கும் போன் போட்டுச் சொல்லிட்டேன். இன்னாப்பா இது, வருஷத்துக்கு இன்னைக்கி ஒரு நாளு. கைய வச்சதும் நின்னுக்கினு இருக்குது."

அவர் கெட்டவர் இல்லை. பயந்துபோயிருந்தார். விஜயதசமி அன்று முதல் வேலையே நின்றது அவருக்கு அபசகுனமாகப் பட்டது. நான் திரையைப் பார்த்தேன். அந்தத் தடவை கடைசி வரி வரைக்கும் படித்தேன். டிசைன் எங்கேயும் போகவில்லை, பத்திரமாக இருந்தது. அதைத் திறக்கிற புரோகிராமுக்குத் துணையாக இருக்க வேண்டிய ஒரு பொதுக் கோப்புதான் இல்லை. இதைச் சொன்னேன். அவர் காதில் விழவில்லை.

"நீதான் பென் டிரைவுல எல்லாம் வச்சிக்கினு இருப்பியே. ஒண்ண எடுத்துப் போடுப்பா. குமரேசன் காலைலருந்து உக்காந்துக்கினு இருக்கான்."

பென் டிரைவைச் செருகிப் பார்த்தேன். அதே பெயரில் ஒரு கோப்பு இருந்தது. நான் அதைப் போட்டிருந்தால் அந்த நிமிடமே ஓடியிருக்கலாம். பாதி டிசைன் தறிக்குப் போன பிறகு நின்றும் இருக்கலாம், அல்லது தப்பான இழைகளைத் தூக்கச் சொல்லியிருக்கலாம். கல்யாணப் புடவையில் நெய்ததைப் பிரிப்பது எவ்வளவு பெரிய வேலை என்று தறிக்காரர்களைக் கேட்டால் தெரியும். கையால் கட்டம் வரைந்துகொண்டிருந்த அந்த மனிதரின் முகம் ஞாபகத்துக்கு வந்தது. பென் டிரைவைப் பிடுங்கிப் பையில் போட்டுக்கொண்டேன்.

"டிசைன் புரோகிராமோட வந்த ஒரிஜினல் சிடி எங்க சார்?"

"பூஜைல இருக்குது."

நிஜமாகவே பூஜையில்தான் இருந்தது. மாடியிலிருந்த சிடி, கேபிள், ஷபானாவின் நோட்டு எல்லாம் அம்மன் படத்தின் முன்னால் குங்குமத்தோடு வரிசையாக உட்கார்ந்திருந்தன. ஏகாம்பரத்தின் மனைவி ராஜேஸ்வரி அம்மா அங்கேயே நின்றார். "கற்பூரம் காட்டாம ஒண்ணும் எடுக்கக் கூடாதுபா" என்றார். ஏகாம்பரம் அவசரப்படுத்தினார். அந்த அம்மா அசையவில்லை. வாழைப்பழம் வந்தது, தேங்காய் உடைந்தது, கற்பூரம் காட்டினார்கள். என் வாழ்க்கையில் மிகவும் நீளமான பத்து நிமிடம் அது. பிறகு சிடியை எடுத்துக் கண்ணில் ஒற்றி என் கையில் கொடுத்தார். கூடவே அந்த நோட்டையும்.

சிடிக்குள் ஒரு மூலையில், துணைக் கோப்புகளை நிறுவுவதற்கென்றே தனியாக ஒரு புரோகிராம் இருந்தது. அதை ஓட்டினேன். டிசைன் திறந்தது. யாளியும் கொடியுமாக முந்தானை திரை முழுவதும் விரிந்தபோது ராஜேஸ்வரி அம்மா கன்னத்தில் போட்டுக்கொண்டார். கோப்பைத் தறிக்கு மாற்றினோம், கீழே குமரேசன் வேலையைத் தொடங்கினார். ஏகாம்பரம் என் தோளில் கை வைத்து, "நீ கெட்டிக்காரன்பா" என்றார். ஒரு தொன்னை நிறையச் சுண்டல் கொடுத்தார்.

சுண்டலைத் தின்றுகொண்டே ஷபானாவின் நோட்டைப் பிரித்தேன். சுத்தம் செய்த அன்று என்னென்ன நீக்கினாள் என்று வரிசையாக எழுதி வைத்திருந்தாள். மூன்றாவது வரியில், பழைய ஸ்கேனர் செத்துப்போய்விட்டதால் அதன் புரோகிராமை நீக்கியதாக இருந்தது. அதற்குக் கீழே, "இந்தப் பொதுக் கோப்பை வேறு எந்தப் புரோகிராமும் பயன்படுத்தவில்லை, நீக்கலாமா என்று கேட்டது. பெயரை எழுதிக்கொண்டேன். யாரும் பயன்படுத்தவில்லை என்பதால் ஆம் கொடுத்தேன்" என்று எழுதியிருந்தாள். கோப்பின் பெயர் ஓர் எழுத்துப் பிசகாமல் அங்கே இருந்தது. காணாமல் போனது அதுதான்.

சுண்டல் தொன்னையைக் கீழே வைத்தேன்.

ஆறு மாதம் முன்பு அந்த டிசைன் புரோகிராமை அந்தக் கம்ப்யூட்டரில் போட்டவன் நான். சிடியில் துணைக் கோப்புகளுக்குத் தனியாக ஒன்று இருந்ததை அன்றைக்கே பார்த்தேன். அன்று தாமல் கிராமத்தில் இன்னொரு வேலை இருந்தது, கடைசி பஸ்ஸைப் பற்றிய கவலை இருந்தது. டிசைன் புரோகிராமைத் திறந்து பார்த்தேன், திறந்துவிட்டது. ஓடுகிறதே, போதும் என்று கிளம்பிவிட்டேன். அது ஏன் ஓடியது என்று யோசிக்கவே இல்லை. ஸ்கேனர் புரோகிராம் ஏற்கெனவே கொண்டுவந்து வைத்திருந்த பொதுக் கோப்பைப் பிடித்துக்கொண்டுதான் ஓடியிருக்கிறது. ஒரு பொதுக் கோப்பை எத்தனை புரோகிராம்கள் பயன்படுத்துகின்றன என்று சிஸ்டம் ஒரு கணக்கு வைத்திருக்கும். முறையாக நிறுவினால்தான் அந்தக் கணக்கில் பெயர் ஏறும். நான் நிறுவாததால் டிசைன் புரோகிராமின் பெயர் ஏறவே இல்லை. ஸ்கேனர் போனதும், வேறு யாரும் இதைப் பயன்படுத்தவில்லை என்று சிஸ்டம் சொன்னது. அது பொய் சொல்லவில்லை, தனக்குத் தெரிந்ததைச் சொன்னது. ஷபானாவும் படித்துப் பார்த்து, எழுதி வைத்துக்கொண்டு, சரியான பதிலைத்தான் கொடுத்தாள். தப்பு முழுக்க என்னுடையது.

இப்போதுதான் நான் வெட்கப்படுகிற இடம் வருகிறது. நோட்டை மூடினேன். ஏகாம்பரம், "பாத்து அழுத்த வேணாமாப்பா அது?" என்று கேட்டார். நான் என்ன சொன்னேன் தெரியுமா? "ஆமா, கொஞ்சம் பாத்திருக்கலாம். சின்னப் பொண்ணுதானே, விடுங்க" என்றேன். பெரிய மனதோடு மன்னிக்கிற ஆள் மாதிரி. தோளில் வைத்த கையின் சூடு இன்னும் போகவில்லை. கெட்டிக்காரன் என்ற வார்த்தையை உடனே திருப்பிக் கொடுக்க எனக்கு மனம் வரவில்லை.

தெருமுனை வரைக்கும் நடந்தேன். வீட்டுக்குப் போகிற பக்கம் கால் திரும்பவில்லை. ஐயம்பேட்டை ஷேர் ஆட்டோவில் ஏறினேன். அந்தப் பெண்ணிடம் நேரில் மன்னிப்புக் கேட்டுவிடலாம் என்று நினைத்தேன். வழியெல்லாம், நான் எவ்வளவு நேர்மையான ஆள் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு போனேன்.

ஷபானாவின் அம்மா கதவைத் திறந்தார். அப்பா கடைக்குப் போயிருப்பதாகச் சொன்னார். ஷபானா உள்ளேயிருந்து வந்தாள். முகம் வீங்கியிருந்தது.

"டிசைன் தொறந்துச்சா சார்?" என்றுதான் முதலில் கேட்டாள்.

"தொறந்துச்சும்மா. குமரேசன் ஓட்டிக்கினு இருக்காரு."

மூச்சு விட்டாள். நான் எல்லாவற்றையும் சொன்னேன். ஆறு மாதம் முன்பு நான் அவசரத்தில் விட்டது, ஸ்கேனர், கணக்கில் ஏறாத பெயர் எல்லாம். "உன் மேல ஒரு தப்பும் இல்ல. என் மேலதான்" என்று முடித்தேன். அழுவாள், நன்றி சொல்வாள், பரவாயில்லை சார் என்பாள் என்று எதிர்பார்த்தேன். நிஜமாகவே எதிர்பார்த்தேன்.

"முதலாளிகிட்ட சொல்லிட்டீங்களா?"

"இன்னும் இல்லம்மா. மொதல்ல உன்கிட்ட சொல்லணும்னு..."

அவள் என்னை நேராகப் பார்த்தாள். "என் மேல தப்பு இல்லன்னு எனக்குத் தெரியும் சார். தெரியாதவரு அங்க இருக்காரு" என்றாள்.

கோபமாகக்கூடச் சொல்லவில்லை. வழி கேட்டவருக்கு வழி சொல்வது மாதிரி சொன்னாள். அவள் அம்மா கொண்டுவந்த டீயைக் குடிக்க எனக்குத் தைரியம் வரவில்லை.

திரும்பி வந்தேன். நீங்கள் பத்து வருடம் வேலை செய்தாலும், செத்துப்போன ஹார்டு டிஸ்கிலிருந்து ஒரு கம்பெனியின் மொத்தத் தரவையும் மீட்டுக் கொடுத்தாலும், அந்த மாடிப்படியில் ஏறுவதைவிடக் கஷ்டமான வேலை உங்களுக்கு வராது. ஏகாம்பரம், ராஜேஸ்வரி அம்மா, சாப்பிட மேலே வந்திருந்த குமரேசன் மூன்று பேரும் இருந்தார்கள். தனியாகச் சொல்லலாமா என்று ஒரு நொடி யோசித்தேன். அந்தப் பெண்ணைத் திட்டியது தனியாகவா?

"சார், கோப்பு போனது என்னால. ஷபானா பண்ணது சரிதான்" என்றேன். நோட்டைப் பிரித்து மூன்றாவது வரியைக் காட்டினேன். ஆறு மாதம் முன்பு நான் விட்டதைச் சொன்னேன்.

ஏகாம்பரம் நோட்டை வாங்கி அந்த வரியைப் படித்தார். "நீயாப்பா?" என்றார். அப்புறம், "காலைல சொல்லியிருக்கலாமே" என்றார். அந்த வீட்டு சர்வீஸ் வேலை அன்றோடு என் கையை விட்டுப் போனது. அவர் மேல் எனக்கு வருத்தம் கிடையாது, நான் அவர் இடத்தில் இருந்தாலும் அதைத்தான் செய்திருப்பேன்.

அங்கேயே நின்றபடி ஷபானாவுக்குப் போன் போட்டார். எல்லோரும் கேட்கட்டும் என்று ஸ்பீக்கரில் போட்டார். "அம்மா, நான் தெரியாம பேசிட்டேன். நாளைக்கி வேலைக்கி வந்துடு. நோட்டுல பாத்தேன். அவரே எல்லாத்தையும் சொல்லிட்டாரு" என்றார்.

ஸ்பீக்கரில் ஷபானாவின் குரல் வந்தது.

"வரேன் சார். ஆனா காலைல நீங்க எங்க அப்பாகிட்டயும் சொன்னீங்க. அவரு இப்பதான் வீட்டுக்கு வந்திருக்காரு. போன அவர்கிட்ட தரேன். சர்வீஸ் சார் சொன்னத அவரையே இன்னொரு தடவ சொல்லச் சொல்லுங்க. அப்பாவும் கேக்கட்டும்."

ஏகாம்பரம் போனை என் பக்கம் நீட்டினார். அந்தப் பக்கம் ஒரு பெரியவர் இருமிவிட்டு, "சொல்லுங்க" என்றார்.

முதலிலிருந்து சொன்னேன்.